பொறுமைசாலி, குனேயோ மாவட்டம்

"மோதிரத்தைக் கழட்டு" என்றான் ஃபிர்மீனோ. பத்து மணிப் பூசை முடிந்து, குனேயோ மாவட்டத்து எங்கள் ஊரே மாதா கோயில் வாசலில் நின்றிருந்தது.

செலெஸ்தினா கழற்றவில்லை. அவள் கையில் 'வீட்டு விளக்கு' வார இதழ் ஒரு கட்டு இருந்தது. வாரமெல்லாம் தையல் கடையில் இருப்பவள், ஞாயிறானால் கோயில் வாசலில் மேசை போட்டு அந்த இதழை விற்பாள். பிரசங்கத்தில் தூங்கி வழிகிறவர்கள்கூட, அதில் வாசகர் கடிதங்களுக்கு வரும் 'சாமியார் பதில்' பகுதியை ஒரு வரி விடாமல் படித்துவிடுவார்கள்.

"எதுக்குக் கழட்டணும்? நான் என்ன செஞ்சேன்?"

"என்ன செஞ்சியா? பதினேழாம் பக்கத்தைப் பாரு! நம்ம கதையை நாடு பூரா படிக்க எழுதிப் போட்டுட்டு, ஒண்ணும் தெரியாத மாதிரி நிக்கிறியே!"

"சத்தியமா நான் எழுதலை."

யாரும் நம்பவில்லை. இருவருக்கும் நிச்சயமாகி எட்டு வருடம் ஆகிறது. இரும்புக் கடை ஃபிர்மீனோவுக்கு முப்பத்தொன்பது வயது, அவளுக்கு முப்பத்து மூன்று. கல்யாணத் தேதி கேட்டால், "அம்மா இன்னும் மனசு வைக்கலை" என்று வருடா வருடம் ஒரே பதில்தான் வரும்.

அவன் அம்மா ஜெனோவெஃபா சிரித்து எங்கள் ஊரில் யாரும் பார்த்ததில்லை. நேரில் போய்க் கேட்கும் துணிச்சலும் எவருக்கும் கிடையாது. இப்போது மோதிரமும் போனால் செலெஸ்தினாவின் எட்டு வருடம் வீண். இனி அவளைப் பெண் கேட்டு வர ஊரில் ஆளும் இல்லை.

கூட்டம் தானாக விலகியது. கறுப்புச் சால்வையும் கையில் ஜெபமாலையுமாக ஜெனோவெஃபாவே வந்து நின்றார்.

"படி" என்றார் அவர். "சத்தமாப் படி. நானும் கேக்கறேன்."

ரொட்டிக் கடை இர்மா இதற்காகவே பிறந்தவள். கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஆரம்பித்தாள்.

"'வணக்கத்துக்குரிய சாமி, ஒரு ஆண்பிள்ளையை வைத்துக்கொண்டு பல வருடமாகப் பொறுமை காக்கிறேன். கல்யாணப் பேச்சை எடுத்தால், இப்போது என்ன அவசரம் என்ற பதில்தான் வருகிறது. வயதோ நாற்பதை நெருங்குகிறது. சாப்பிட்ட கையோடு காலுறையைக் கழற்றி ரேடியோப் பெட்டிமேல் போட்டுவிட்டுக் குறட்டை விடும் ஆளோடு, நான் இன்னும் எத்தனை காலம் மல்லுக்கட்டுவது? இப்படிக்கு, பொறுமைசாலி, குனேயோ மாவட்டம்.'"

வாசலே சிரித்தது. ஃபிர்மீனோவின் காது இரண்டும் சிவந்துவிட்டன. செலெஸ்தினாவுக்கும் சிரிப்பு வந்தது, உதட்டைக் கடித்து அடக்கிக்கொண்டாள். எட்டு வருடத்தில் அவள் பார்த்ததெல்லாம், ஞாயிற்றுக்கிழமை அவளை வீட்டு வாசல் வரை கொண்டுவிட்டுத் திரும்பும் பளபளத்த கறுப்புக் காலணிகள்தான்.

"மாவட்டத்துல நாப்பதை நெருங்கின ஆம்பளை நான் ஒருத்தன்தானா?" என்று முறைத்தான் ஃபிர்மீனோ.

"இல்லதான்" என்றாள் இர்மா. "ஆனா நீ ஏன் இப்படிச் செவக்கிறே?"

"சாமியார் என்ன பதில் போட்டிருக்கார்?" என்றார் ஜெனோவெஃபா. முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை.

"'அந்த மனிதர் ஈஸ்டருக்குள் நாள் குறிக்கட்டும். குறிக்க மனமில்லையென்றால் அதை வாய் திறந்து சொல்லட்டும். ஒரு பெண்ணின் பொறுமையைத் தின்று வாழ்வது பாவம்.'"

"அவருக்கென்ன, எங்கயோ உக்காந்து எழுதிடுவார்!" என்று கத்தினான் ஃபிர்மீனோ. "எங்கம்மா மனசு வைக்காம நான் எப்படி..."

"வச்சாச்சு."

"என்னம்மா?"

"மனசுதான். வச்சாச்சு. விஷயம் அச்சுல ஏறிப்போச்சு, இனி ஊருக்கு நான் என்ன பதில் சொல்றது? ஈஸ்டர் முடிஞ்சு ரெண்டாவது சனிக்கிழமை கல்யாணம். இர்மா, கேக் உன் பொறுப்பு."

ஃபிர்மீனோவுக்கு இனி சொல்வதற்கு ஒரு சாக்கும் மிச்சமில்லை. மோதிரம் இருந்த இடத்திலேயே இருந்தது. மேசையில் இருந்த இதழ்கள் பத்து நிமிடத்தில் விற்றுத் தீர்ந்தன, இர்மா மட்டும் மூன்று வாங்கினாள்.

செலெஸ்தினாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. ஆனாலும் ஒரு உறுத்தல். வருங்கால மாமியாரின் மானத்தை வாங்கியவள் என்ற பெயரோடு அந்த வீட்டுக்குள் நுழைவதா? மதியச் சாப்பாடு முடிந்ததும் நேராக அங்கே போய்விட்டாள்.

கூடத்தில் ஃபிர்மீனோ நாற்காலியில் சாய்ந்து குறட்டை விட்டுக்கொண்டிருந்தான். ரேடியோவில் யாரோ பாடிக்கொண்டிருந்தார்கள். ஜெனோவெஃபா அதன் மேலிருந்து ஒரு ஜோடிக் காலுறையை இரண்டு விரலால் தூக்கினார்.

"அத்தை, கல்யாணம்னு நீங்க சொன்னதும் எனக்கு உசிரே திரும்பி வந்துச்சு. ஆனா நீங்க என்னைத் தப்பா நினைச்சுக்கிட்டு நடத்தி வைக்க வேண்டாம். மாதா மேல ஆணையா, அந்தக் கடிதத்தை நான் எழுதலை. எழுதினது யாருன்னும் தெரியலை."

ஜெனோவெஃபா தூங்குகிற மகனைப் பார்த்தார். பிறகு காலுறைகளை மெல்ல அவள் உள்ளங்கையில் வைத்து, விரல்களை மூடினார். ஊரில் யாரும் பார்த்திராத அந்தச் சிரிப்பை அப்போதுதான் செலெஸ்தினா பார்த்தாள்.

"நீ எட்டு வருஷம்தானே பொறுத்தே? நான் முப்பத்தொம்பது வருஷம்டி!"