கண்மாய்க்குள் எரியும் வயர்

கப்பலூர்த் தொழிற்பேட்டைக்குப் பின்னால், நீர் வற்றிய கண்மாயின் நடுவில் பழைய சார்ஜர் வயர்களும் கம்ப்யூட்டர் வயர்களும் குவியலாக எரிகின்றன. மேலே உள்ள பிளாஸ்டிக் உருகி ஒழுகிவிட்டால் உள்ளே செம்புக் கம்பி கிடைக்கும். வீரணன் நீளக் கம்பால் குவியலைக் கிளறுகிறான். ஏதோ ஒன்று படீரென்று வெடிக்கிறது. மாலை வெயில் புகைக்குள் நுழைந்து பழுப்பாக வெளியே வருகிறது. புகை போகாத பக்கமாகப் பார்த்து, கரையில் நிற்கும் கருவேல மரத்தில் அவன் மனைவி முத்துமீனா தூளி கட்டியிருக்கிறாள். அதில் அவர்களுடைய கைக்குழந்தை தூங்குகிறது. சட்டென்று புகை அந்தப் பக்கம் சாய்கிறது. "ஏய், காத்து திரும்பிருச்சு! புள்ளையத் தூக்கு!" என்று வீரணன் கத்துகிறான். "நீதானய்யா இந்தப் பக்கம் பொகையே வராதுன்ன, பெரிய ரேடியோவுல வானிலை சொல்றவன் கணக்கா!" என்றபடி அவள் ஓடுகிறாள். தூளி கறுப்புக்குள் மறைந்து, மெல்ல மறுபடி தெரிகிறது. குழந்தை அழவில்லை, இருமுகிறது. மூக்குத் துவாரங்களைச் சுற்றிக் கரி படிந்திருக்கிறது. முத்துமீனா முந்தானை நுனியை எச்சிலில் நனைத்துத் துடைக்கிறாள், மிக மெதுவாக, காலையில் கன்னத்தில் வைத்த திருஷ்டிப் பொட்டு கலைந்துவிடாமல்.