பேசாமல் ஒரு நிமிடம்

முப்பது வருடமாக மற்றவர்களைப் பற்றி ஆவணப்படங்களை எழுதித் தயாரித்தவள் மரிவோன். இப்போது அவளைப் பற்றியே ஒரு படம். பாரிஸ் வீட்டில் கேமரா பிடித்தவன், அவளுடைய எல்லாப் படங்களுக்கும் ஒளிப்பதிவு செய்த கணவன் எர்வேதான்.

"டிவிக்காரங்களுக்குத் திடீர்னு என்ன என் மேல பாசம்?"

"நான் கேட்டதும் ஒத்துக்கிட்டாங்க."

"சரி, காபி ஆறுது. முடிஞ்சுதா?" மரிவோன் சிரித்தாள்.

"இன்னும் ஒண்ணுதான். ஒரு நிமிஷம் பேசாம கேமராவையே பாரு."

மரிவோனின் சிரிப்பு நின்றது.

"இதை நாம யாருகிட்ட கேப்போம், எர்வே?"

எர்வே லென்ஸைச் சரிசெய்யக் குனிந்தான்.

"படம் வர்றப்போ உயிரோட இருக்க மாட்டாங்கன்னு தெரிஞ்சவங்ககிட்ட மட்டும்தானே? போன வாரம் டாக்டர் உன்னைத் தனியா கூப்பிட்டு என்ன சொன்னாரு? டிவிக்காரங்க வரைக்கும் சொல்லியிருக்கே. எனக்கு மட்டும்தான் சொல்லலை."

எர்வே கேமராவை நிறுத்தவில்லை.