சிங்க்கில் வெளிச்சம்

"பாத்திரம் ஒண்ணு நகந்தாலும் ஷாட்டுக்கு ஷாட் கன்டினியூட்டி போயிடும், படத்தப் போட்டுக் காட்டுற வரைக்கும் ஒண்ணையும் கழுவாத" என்று கணவன் குணசீலன் சொல்லிவிட்டதால், சமையலறைக்குள் போகும்போதெல்லாம் தமயந்தி முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டாள். சிங்க்கில் ஊசிப்போன பருப்பு நூல்விட்டது. தட்டுகளில் பச்சைப் பூஞ்சை படர்ந்து, புழு நெளிந்தது. அவனோ "வெளிச்சம் பத்தல, வெளிச்சம் பத்தல" என்றபடி கேமராவும் கையுமாக அதன்மேலேயே கவிழ்ந்து கிடந்தான். அந்த சிங்க்கையே காட்டும் குறும்படத்தைத் திரையிட்ட அன்று அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. "நம்ம அன்றாட வாழ்க்கையில இவ்வளவு அழகா!" என்று ஒரு பெண்மணி கண்ணைத் துடைத்துக்கொண்டார். தமயந்தி அங்கேயும் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டாள். வீடு திரும்பியதும் குணசீலன் சம்மணமிட்டு உட்கார்ந்து, "பசிக்குது, சோத்தப் போடு" என்றான். அவள் சிங்க்கிலிருந்து ஒரு தட்டை எடுத்து, அப்படியே அதில் சுடுசோற்றைப் போட்டு அவன் முன்னால் வைத்தாள். "சாப்பிடுங்க" என்றாள். "வெளிச்சம் பத்துமா?"