அளவு பிளவுஸ்

"ஏளா, ஹூக்கு மாட்டுதா?" கதவுக்கு வெளியே இருந்து மெட்டில்டா மாமி கேட்டாள்.

ஜெபசெல்வி வயிற்றை எக்கிக்கொண்டு நின்றாள். வாயைத் திறந்தால் இழுத்துப் பிடித்த மூச்சு போய்விடும். திங்கட்கிழமை கல்யாணம். மாமியாராகப் போகிறவள், தன் கையால் தைத்த கல்யாண பிளவுஸோடு ஆலந்தலையிலிருந்து பஸ் ஏறி வந்து வெளியே நிற்கிறாள்.

மாமி முப்பது வருடத் தையல்காரி. நிச்சயதார்த்தத்தன்று அவள் அளவு பிளவுஸ் கேட்டபோது, தன் குண்டு உடம்பை நினைத்துக் கூசிப்போனாள் ஜெபசெல்வி. பீரோவிலிருந்து ஒல்லித் தங்கச்சியின் பிளவுஸை எடுத்துக் கொடுத்துவிட்டாள். மாமி அதை விரித்துப் பார்த்தாள், இவளை ஏற இறங்கப் பார்த்தாள், பேசாமல் மடித்துப் பையில் வைத்துக்கொண்டாள்.

அன்றிலிருந்து ஐம்பது நாள், வெந்நீரும் வெள்ளரிக்காயும்தான். பசி வந்தால் பத்தும் பறக்கும் என்பார்கள். இவளுக்குத் தலைமுடியும் சேர்ந்து பறந்தது. போன ஞாயிறு பூசையில் மயங்கியே விழுந்தாள். மாப்பிள்ளை டிக்சன் ஆசையாய் அனுப்பிய முந்திரி மக்ரூன் டப்பாவைத் தங்கச்சிதான் காலி செய்தாள்.

"என்னளா, இன்னுமா போடுத?"

"இந்தா வாரேன் மாமி!"

முதல் ஹூக் மாட்டியது. இரண்டாவது, மூன்றாவது... கடைசி ஹூக்கும் இழுக்காமலே மாட்டிக்கொண்டது. கையைத் தூக்கிப் பார்த்தாள், எங்கும் பிடிக்கவில்லை. தோளில் நிற்காமல் நழுவக்கூடச் செய்தது. தங்கச்சி அளவே தனக்குத் தொளதொள!

கதவைத் திறந்துகொண்டு ஓடி வந்தாள். அவளைப் பார்த்ததும் மாமியின் முகம் வாடிப்போனது. தொங்கிய துணியை இரண்டு விரலால் பிடித்துப் பார்த்தாள்.

"ஏளா, என்ன இப்பிடி மெலிஞ்சு கெடக்க? ஒழுங்கா சாப்பிடுதியா இல்லியா?"

"சாப்பிடல மாமி!" ஜெபசெல்விக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. "ஒங்கள ஏமாத்திட்டேன். அன்னைக்கு நான் குடுத்தது தங்கச்சி பிளவுஸு. பட்டினி கெடந்து அந்த அளவுக்கு வந்துட்டேன், பாருங்க!"

மாமி பைக்குள் துழாவி, அந்த அளவு பிளவுஸை எடுத்து அவள் கையில் வைத்தாள்.

"இது சின்னவளுதுன்னு அன்னைக்கே தெரியும். நான் ஒன்னப் பாத்துல்லா தச்சேன்!"