சிரிப்பு அடங்கும்வரை

கமலவேணி விசிறியை மடக்காமல் நின்றபோதே பரஞ்சோதிக்கு உறைத்திருக்க வேண்டும். சீமைப் பிரபு வேஷத்தில் அவன் மண்டியிட்டு, "என்னை மணந்துகொள்வீர்களா, சீமாட்டி?" என்று கேட்பான். அவள் விசிறியைப் படாரென்று மடக்கி, "உங்களிடம் எனக்குப் பிடித்தது கோட்டு மட்டும்தான். தையற்காரரை வரச் சொல்லுங்கள், யோசிக்கிறேன்" என்பாள். கொட்டகை அதிரும். இருநூறு ஆட்டமாக இதுதான் நடக்கிறது. இருநூறு தடவையும் அவன் அதை நிஜமாகத்தான் கேட்டான். அவளுக்குத் தெரியாது என்று நினைத்திருந்தான்.

இன்றைய பகல் ஆட்டம்தான் கடைசி. "சரிங்க" என்றாள் அவள், நாடகத் தமிழை விட்டுவிட்டு, வீட்டில் பேசுகிற குரலில்.

ஜனங்கள் சிரிப்பதற்காக அவன் பழக்கப்படி மனதுக்குள் மூன்று எண்ணினான். ஒருவரும் சிரிக்கவில்லை. பயந்துபோன நாக்கு தானாக அடுத்த வசனத்துக்குத் தாவியது: "அப்பாடா, தப்பித்தேன்!"

கொட்டகை இடிந்து விழுகிற மாதிரி சிரித்தது. விசிறி மெல்ல ஏறி அவள் முகத்தை மூடியது. "ஐயோ, அது வசனம், கமலா" என்று சொல்ல அவன் வாயெடுத்தான். ஆனால் சிரிப்பு அடங்கும்வரை நடிகன் பேசக் கூடாது. காத்திருந்தான். படுதா இறங்கியது. ஜனங்கள் சிரித்துக்கொண்டே செருப்பைத் தேடினார்கள், சிரித்துக்கொண்டே வெயிலில் இறங்கிப் போனார்கள். அவன் மண்டியிட்டபடியே இருந்தான். எதிரே விசிறி மட்டும் விரிந்து கிடந்தது. எங்கோ தெருக்கோடியில் ஒருவர் இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார்.