விரதத்தில் சேராதவை

ஆறாவது மலையில், பாறையைக் கட்டிக்கொண்டு வாந்தியெடுத்தான்.

அவள் தண்ணீர் பாட்டிலைத் திறந்து புருஷன் பக்கத்தில் வைத்தாள். முதுகைத் தடவிக் கொடுக்கவில்லை.

வந்தது சோறல்ல. மஞ்சளும் ஆரஞ்சுமாக, பாதி கரைந்த மாத்திரைகள்.

ஆறு மாத ஏற்பாடு அத்தனையும் பாறையில் கிடந்தது.

ஏற்பாடு என்றால் நடைப்பயிற்சி இல்லை. தெருமுனைக் கடைக்கே ஸ்கூட்டரில் போகிற ஆள். கைப்பேசியில் யாரோ ஒரு மகான் பாடம் நடத்தினார். மலையேறினால் தசைக்கு வைட்டமின் பி, எலும்புக்கு டி, களைப்புக்கு சி, எல்லாவற்றுக்கும் துத்தநாகம். வாய் பிளந்து கேட்டான். ஞாயிறு முதல் சனி வரை ஏழு அறை வைத்த மாத்திரை டப்பா ஒன்று வாங்கினான்.

ஏழு மலை, ஏழு அறை. மலைக்கு ஒன்று. என்ன மூளை!

சாமி மலை என்பதால் விரதம் வேறு. நேற்று மதியத்திலிருந்து பச்சைத் தண்ணீர்தான். மாத்திரை மட்டும் விரதத்தில் சேராதாம். அதையும் அவனே தீர்மானித்தான்.

வெறும் வயிற்றில் ஆறு அறை காலி.

அவள் இரண்டாவது மலையிலேயே முந்தானையில் முடிந்திருந்த பொட்டுக்கடலையைத் தின்று முடித்திருந்தாள். அவன் முகம் சுளித்தான். சாமி ஒன்றும் சொல்லவில்லை.

ஐம்பது தாண்டாத பெண்கள் இந்த மலை ஏறுவது வழக்கமில்லை. பதினாறு வயதில் அடிவாரத்தில் உட்கார்ந்து அண்ணன்களின் செருப்புக்குக் காவல் இருந்தாள். அன்றைக்கே அழுதாள்.

இப்போது ஐம்பத்தொன்று.

எதிரே ஏழாவது மலை. உச்சியில் காலை வெயில் விழுந்துவிட்டது. ஏறுகிறவர்களின் தலைகள் தெரிந்தன.

அவன் வாயைத் துடைத்தான்.

"எறங்கிக்கலாம் வா. அடுத்த வருசம் பாத்துக்கலாம். உன்னாலயும் முடியாது."

அவளுக்கு மூச்சுகூட வாங்கவில்லை.

அடிவாரத்தில் எல்லோரும் ஆளுக்கொரு மூங்கில் தடி வாங்கினார்கள். இவன் ஒன்றுதான் வாங்கினான். தனக்கு. அவளுக்குத் தன் கை போதும் என்றான்.

அந்தக் கை இப்போது பாறையைப் பிடித்துக்கொண்டிருந்தது.

"நீங்க இங்கயே உக்காந்திருங்க. நான் போயிட்டு வந்தர்றேனுங்க."

டப்பாவில் சனிக்கிழமை மட்டும் நிறைந்திருந்தது. அதை அவன் மடியில் வைத்தாள்.

தடியை எடுத்துக்கொண்டாள்.