பஸ்கா இரவின் கேள்வி

பஸ்கா விருந்தில், இன்றைக்கு மட்டும் ஏன் இப்படி என்று யூத வீட்டின் இளையவர் கேட்க வேண்டும். மூத்தவர், முன்னோர்கள் எகிப்தில் அடிமைகளாக இருந்து விடுதலையான கதையை முதலிலிருந்து சொல்ல வேண்டும். தனியாள் தன்னையே கேட்டுக்கொள்ளலாம் என்று சலுகை உண்டு. எப்ராயிம் வீட்டில் இளையவரும் மூத்தவரும் அவர்தான். சத்தமாகவே கேட்டார். பதில் முன்பே தெரிந்திருந்ததால் சுவாரசியப்படவில்லை.

சீனி கேட்டு வந்த எதிர்வீட்டு மரகதம் மேசையைப் பார்த்தாள். "ஏன் சார், இன்னிக்கு மட்டும் ரொட்டி அப்பளம் மாதிரி இருக்கு?"

எப்ராயிம் நாற்காலியை இழுத்துப் போட்டார். "உக்காருங்கம்மா. எகிப்துல ஆரம்பிக்கணும்."

"சுருக்கமா சொல்லுங்க. அடுப்புல பால் இருக்கு."

"இதைச் சுருக்கக் கூடாதும்மா. பாலை இறக்கி வச்சிட்டு வாங்க."

அவள் சீனியோடு போனாள். எப்ராயிம் கதவைச் சாத்தவில்லை. முதல் வாக்கியத்தை வாய்க்குள் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.